துளிரை நம்பிக் கெட்டேன்

"கொப்பு வெட்டித் தாறன் மனே, மண்ணில குத்தினாச் சரி" என்றார் பக்கத்து வளவு மாமி. அவருடைய மதில் முழுக்கப் போகன்வில்லா. மட்டக்களப்புக் கல்லடி வெயில் அதற்குப் பால் குடித்த மாதிரி. அந்தச் 'சரி'யை நம்பி 9 மாதமும் 36 தடியும் செலவழித்தேன்.

முதல் 10 தடியைக் கார்த்திகையில் குத்தினேன். மாரி மழை இருக்க யார் தண்ணீர் ஊற்றுவது என்ற சோம்பல்தான். எல்லாம் அடி கறுத்து, தொட்டதும் தோல் வழுகிக் கழன்றது.

பங்குனியில் 12 தடி. பென்சில் மொத்தம், ஒரு சாண் நீளம், கணுவுக்குக் கீழே சரிவாக வெட்டு, இலையெல்லாம் கிள்ளியாயிற்று. வேர் பிடிக்க வைக்கும் தூளும் வாங்கினேன். வீட்டுக்கு வந்து பார்த்தால் காலாவதியாகி 2 வருடம்! திருப்பிக் கொடுக்கப் போனால், "தூள்தானே, பழுதாகாது" என்றார் கடைக்காரர். ஓட்டோக் காசுக்கும் நட்டம்.

ஆனாலும் 18ஆம் நாள் எல்லாத் தடியிலும் துளிர். படம் எடுத்துக் குடும்பத்துக்கே அனுப்பினேன். இலை வந்தால் வேரும் வந்திருக்கும்தானே என்று சாடிக்கு மாற்றினேன். 4 நாளில் கருகின. பிடுங்கிப் பார்த்தால் ஒரு வேர்கூட இல்லை. தடியில் மிச்சமிருந்த உணவை வைத்தே துளிர் விட்டிருக்கிறது. துளிரைக் கண்டு துள்ளாதீர்கள். ஆட்டி, இழுத்தும் பார்க்காதீர்கள். இளவேர் பட்டென்று முறியும்.

வைகாசியில் கடைசி 14. பச்சைக் கொப்பை விட்டுவிட்டு, சாம்பல் நிறம் பிடித்த முற்றல் தடியாகப் பார்த்து எடுத்தேன். முள் கிழித்த கீறல் இன்னும் கையில் இருக்கிறது. ஆற்று மணலும் தேங்காய்த் தும்புத்தூளும் பாதிக்குப் பாதி, வேறு கடையில் வாங்கிய புதிய தூள். வறண்ட கச்சான் காற்று உலர்த்திவிடாமல் மேலே பொலித்தீன் பை, இடம் மாமர நிழல். ஒவ்வொரு தடியையும் கண்ணாடி போன்ற பிளாஸ்டிக் கப்பில் தனித்தனியே வைத்ததுதான் நான் செய்த ஒரே புத்திசாலித்தனம். அடியில் துளை போட மறக்கக் கூடாது.

9ஆம் வாரம் ஒரு கப்பின் ஓரத்தில் வெள்ளை நூல் மாதிரி வேர் தெரிந்தது. சத்தம் போட்டுவிட்டேன். மண் உதிராமல் கப்பைப் பிளேட்டால் கீறித்தான் மாற்றினேன். தப்பியவை 5.

மாமியைக் கூட்டிவந்து காட்டினேன்.

"அஞ்சுதானா? நான் குத்தினது எல்லாம் வந்ததே" என்றார்.