மெர்யெம் அனாவின் இல்லத்தில்

துருக்கியின் செல்சுக் நகரிலிருந்து வளைந்து ஏறும் மலைப்பாதையின் முடிவில், மர நிழலில் சிறு கல் வீடு ஒன்று நிற்கிறது. அன்னை மரியா தம் இறுதிக் காலத்தைக் கழித்ததாக நம்பப்படும் அவ்வீட்டைத் துருக்கியர் மெர்யெம் அனாவின் வீடு என்கின்றனர். ‘அனா’ என்றால் அவர்கள் மொழியில் தாய். என் காதில் அது நம் ‘அன்னை’யாகவே விழுந்தது.

ஜெர்மானியத் துறவி அன்னா கத்தரீனா எம்மெரிக் கண்ட காட்சிகளின் குறிப்புகளைக் கொண்டு, 1891இல் இஸ்மிர் நகரின் லாசரிஸ்ட் என்னும் கத்தோலிக்கச் சபையின் குருக்கள் இவ்விடத்தைக் கண்டடைந்தனர். ஆனால் அதற்கு முன்பிருந்தே ஷிரின்ஜே கிராமத்துக் கிரேக்கக் கிறிஸ்தவர்கள் ஆண்டுதோறும் ஆகஸ்ட் 15 அன்று இங்கு வந்து வழிபட்டு வந்தனர். இது அன்னையின் வீடுதான் என்று திருச்சபை தீர்ப்புக் கூறவில்லை. ஆயினும் திருத்தந்தையர்களான ஆறாம் பவுல் 1967இலும், இரண்டாம் யோவான் பவுல் 1979இலும், பதினாறாம் பெனடிக்ட் 2006இலும் இங்கு வந்து செபித்தனர்.

உள்ளே இடம் மிகக் குறைவு. பீடத்தின் முன் முழந்தாளிட்டுச் செபமாலை சொல்லிக்கொண்டிருந்தபோது, முக்காடிட்ட முதிய பெண்மணி ஒருவர் அருகில் வந்து நின்றார். வழிவிட எழுந்த என்னை அவர் தோளில் கைவைத்து அமர்த்தி, நான் முடிக்கும்வரை காத்திருந்தார்; பின்பு அவர் இரு கைகளையும் ஏந்தி வேண்டியபோது நான் காத்திருந்தேன். அவர் சொற்கள் எனக்குப் புரியவில்லை. ஆனால் உலகப் பெண்கள் அனைவருக்கும் மேலாக இறைவன் மர்யமைத் தேர்ந்துகொண்டான் என்று திருக்குர்ஆனின் மூன்றாம் அத்தியாயம் கூறுவதையும், ‘பெண்களுக்குள் ஆசி பெற்றவர் நீரே’ என்று நான் சற்றுமுன் சொன்னதையும் என்னால் பிரித்துப் பார்க்க முடியவில்லை. அவருக்கு ஈஸா இறைத்தூதர். எனக்கு இயேசு இறைமகன். அந்த வேறுபாடு சிறிதன்று. அதை மறைத்துக்கொண்டு நிற்க வேண்டிய தேவையும் எங்கள் இருவருக்கும் அங்கு எழவில்லை.

வெளியே, ஊற்றுநீர் வரும் குழாய்களருகே அவரை மீண்டும் கண்டேன். குப்பி கொண்டுவராத என் நிலையைக் கண்டு, தாம் பிடித்த நீரை என் கைகளில் ஊற்றினார். பிறகு கைப்பேசியில் ஒரு படத்தைக் காட்டினார். மருத்துவமனைக் கட்டிலில் ஓர் இளைஞர். தம் நெஞ்சைத் தொட்டு, என் செபமாலையைச் சுட்டிக்காட்டினார். மலையிறங்கும் வழியெல்லாம், பெயர் தெரியாத அந்த மகனுக்காகவே மணிகளை உருட்டினேன்.