டானும் சானும் பங்காளிங்க

போன தை மாசம் எங்க ஏற்காடு ஹோம்ஸ்டேக்கு வயசான ரெண்டு ஜோடி வந்து மூணு நாள் தங்கினாங்க, ஒரு ஜோடி மலேசியா பினாங்கு, இன்னொண்ணு ஹாங்காங். வெளிநாட்டுக்காரங்க தங்கினா அவங்க விவரத்த அரசாங்கத்துக்கு ஆன்லைன்ல ஏத்தணும், அதுல சர்நேம்னு ஒரு கட்டம் வரும். பினாங்குக்காரர் பாஸ்போர்ட்ல பேரு மூணு வார்த்தையா ஒரே வரில இருந்துச்சு, நான் பாட்டுக்கு கடைசி வார்த்தைய அந்த கட்டத்துல அடிச்சிட்டேன். அவரு பக்கத்துல நின்னு பாத்துட்டு "அண்ணே, முன்னாடி இருக்கறதுதான் குடும்பப் பேரு, டான்"னாரு. எழுபது வயசுக்காரர் என்னைய அண்ணேங்கறாரேன்னு பாத்தேன், அங்க தமிழ் ஆளுங்கள சீனங்க அப்படித்தான் கூப்பிடுவாங்களாம்.

ஹாங்காங்காரர் பேரு சான். அதையும் அடிச்சு முடிச்சப்புறம் அவரு சிரிச்சிகிட்டே "எங்க ரெண்டு பேருக்கும் ஒரே பேருதான்"னாரு. எனக்கு வெளங்கல, டான் எப்படி சான் ஆகும். என் ரிஜிஸ்டர் நோட்ட வாங்கி ஆளுக்கு ஒரு தடவ எழுதிக் காட்டினாங்க, பாத்தா அச்சு அசல் ஒரே எழுத்து. இடது பக்கம் காது மாதிரி ஒரு வளைவு, வலது பக்கம் கிழக்குன்னு அர்த்தம் வர்ற எழுத்து. போன்ல யாருக்காவது பேர சொல்லணும்னா "காது, கிழக்கு, அந்த சென்"னு தான் சொல்லுவாங்களாம், சென்கிறது இதே எழுத்தோட இன்னொரு உச்சரிப்பு. ஆனா அது நெஜத்துல காது இல்ல, மேடு, குன்றுன்னு அர்த்தம் உள்ள பழைய எழுத்து சுருங்கி அப்படி ஆயிருச்சாம். மலை மேல உக்காந்து இத கேட்டதும் எனக்கு அந்த எழுத்து ரொம்ப புடிச்சு போச்சு.

சீனால இப்ப அரசு பேசற மாண்டரின்ல அந்த எழுத்துக்கு சென்னு உச்சரிப்பு. ஹாங்காங், குவாங்டாங் பக்கம் பேசற கேன்டனீஸ்ல சான். ஃபூஜியன் கடற்கரைல பேசற ஹொக்கியன்ல டான், ஹக்காங்கற இன்னொரு சீன இனத்து ஆளுங்க வாயில சின். எப்படி இப்படி மாறுச்சுன்னு நான் கேட்டதுக்கு அவங்க பதில் சொன்னது மறுநாள் காலைல நான் டீ ஊத்தும்போதுதான். ஹொக்கியன்ல டீக்கு "தே"ன்னு பேரு, கேன்டனீஸ்ல சா. நம்ம தேயிலைல இருக்கற தே, டீ எல்லாம் அந்த ஹொக்கியன் வழி வந்தது, சாயா இன்னொரு வழி. ரொம்ப பழைய சீன மொழில இந்த ரெண்டு சொல்லும் ட மாதிரி ஒரு சத்தத்துல ஆரம்பிச்சிருக்கு, பின்னாடி வடக்கு பக்கமும் கேன்டன் பக்கமும் அது ச-ன்னு திரும்பிருச்சு, ஃபூஜியன் பேச்சு அதுக்கு முன்னாடியே பிரிஞ்சு போனதால அங்க மட்டும் பழசு அப்படியே நின்னுருச்சு. அப்ப டீக்கும் சாயாவுக்கும் என்ன ஒறவோ அதே ஒறவுதான் டானுக்கும் சானுக்கும். சேலம் பழைய பஸ் ஸ்டாண்டு பக்கம் எத்தன கடைல நின்னு குடிச்சிருப்பேன், ஒரு தடவ கூட இத யோசிச்சதில்ல.

பேரோட மூலம் ஒரு நாடு. மூவாயிரம் வருசத்துக்கு முன்னாடி ஷாங் வம்சத்த தோக்கடிச்ச ஜோவ் அரசர் வூ, ஷுன்கிற பழைய பேரரசரோட வழில வந்த ஒருத்தருக்கு தன் பொண்ணையும் குடுத்து சென்கிற நாட்டையும் குடுத்தாரு, இப்ப அது ஹெனான் மாகாணத்துல ஹுவாயாங். கி.மு. 5ஆம் நூற்றாண்டுல சூ நாடு அத விழுங்கிருச்சு, நாடு போச்சு, ஆனா ஜனங்க நாட்டோட பேர குடும்பப் பேரா வெச்சுகிட்டாங்க. அதுக்கு முன்னாடியே கி.மு. 672ல ஒரு இளவரசர் சீ நாட்டுக்கு தப்பி ஓடி, அவரு பரம்பரை தியன்னு பேர் வெச்சு கடைசில அந்த நாட்டையே ஆண்டுச்சு. அந்த காலத்துல சென்னும் தியனும் கிட்டத்தட்ட ஒரே சத்தம்தானாம், அதனால தியன் குடும்பமும் இவங்களுக்கு சொந்தம்தான்.

இந்த பேருக்காரங்க வடக்குல இருந்து தெக்கால ஃபூஜியனுக்கு வந்து அங்க இருந்து கப்பல் ஏறி, இப்ப தைவான்லயும் சிங்கப்பூர் சீனங்ககிட்டயும் இதுதான் அதிகம் பேருக்கு இருக்கற குடும்பப் பேரு, ஒரு எடத்துல சென், இன்னொரு எடத்துல டான். சீனாவுல மொதல் அஞ்சுல ஒண்ணு. வியட்நாம்ல இது ட்ரான், 1225லருந்து 1400 வரைக்கும் ஆண்ட ட்ரான் வம்சத்தோட முன்னோர் ஃபூஜியன்ல இருந்து வந்தவங்க, மங்கோலியர்கள மூணு தடவ வெரட்டி அடிச்சவங்க. இந்தோனேசியா கதைதான் எனக்கு வலிச்சுது. அங்க 1966க்கு அப்புறம் சீனங்க உள்ளூர் பேரா மாத்திக்கணும்னு நெருக்குனாங்க, அப்ப டான் குடும்பங்க தனுவிஜயா, சுதான்தோன்னு வெச்சு உள்ளுக்குள்ள டான ஒளிச்சு வெச்சாங்க. இத சொல்லும்போது டான் சார் குரல் கம்மி போச்சு.

நான் ஜாக்கி சான் உங்க பங்காளியான்னு கேட்டேன். இல்லையாம், அவரோட அப்பாவுக்கு மொதல்ல ஃபாங்னு பேரு, ஹாங்காங் வந்து சான்னு மாத்திகிட்டவரு. ஒரே எழுத்தா இருந்தாலும் எல்லாரும் ஒரே ரத்தம்னு சொல்ல முடியாதுன்னு சான் சார் அழுத்தி சொன்னாரு. ஆனாலும் அந்த காலத்துல ஒரே பேருக்குள்ள கல்யாணம் பண்ண மாட்டாங்களாம். எங்க பக்கம் கவுண்டமாருங்க பொண்ணு கேட்டு போனா மொதல்ல என்ன கூட்டம்னு கேக்கறது எதுக்கு, அதே கத. ஒரே கூட்டம்னா பங்காளி, பேச்சு அங்கயே நின்னுரும். டான் சார் வீட்டம்மா லிம், கல்யாணமானாலும் அவங்கவங்க அப்பா பேருதான். சென், லின் ரெண்டும் சேந்தா பாதி உலகம்னு ஃபூஜியன்ல ஒரு சொலவடை உண்டு, லிம் அந்த லின்தான், இவங்க ஒரு ரூம்லயே பாதி உலகம் தங்குச்சு.

இந்த டானும் சானும் எப்படி எழுத்துல ஒறஞ்சுதுன்னா, வெள்ளக்காரன் காலத்து கிளார்க்கு காதுல விழுந்தத எழுதுனான், தாத்தா வாயில ஹொக்கியன் இருந்தா டான், கேன்டனீஸ் இருந்தா சான். சீனாவுல 1958ல பின்யின்னு எழுத்து முறை வந்ததுக்கு அப்புறம் அங்க எல்லாருக்கும் சென். அதனால ஸ்பெல்லிங்க பாத்தாலே தாத்தா எந்த பக்கத்து ஆளுன்னு முக்காவாசி சொல்லிடலாம். டான் சார் இத சொன்னப்ப நான் எங்க மலைய காட்டினேன். சேர்வராயன், எங்க சாமி பேரு. இங்கிலீஷ்ல ஷெவராய். மே மாசம் கோயில் திருவிழாவுக்கு மேல ஏறி வர்ற, மலையாளின்னு சொல்ற எங்க மலைவாசி ஜனங்க யாரும் ஷெவராய்னு சொல்ல மாட்டாங்க, ஆனா மேப்புல அதுதான் இருக்கு. டான் சார் ரொம்ப நேரம் மலையவே பாத்துட்டு "சேர்வராயன்"னு மூணு தடவ சொல்லி பாத்தாரு, மூணாவது தடவ சரியா வந்துச்சு.

ஊருக்கு போன அடுத்த வாரம் வாட்ஸ்அப்ல ஒரு போட்டோ அனுப்பினாரு. பினாங்குல அவங்க பேருக்காரங்க எல்லாரும் கும்பிடற கோங்சிங்கற குலக்கோயில் வாசல், ரெண்டு பக்கமும் செவப்பு விளக்கு தொங்குது. ஒரு வரி கூட எழுதல. விளக்கு மேல இருந்த எழுத்த பெருசு பண்ணி பாத்தேன். இடது பக்கம் குன்று, வலது பக்கம் கிழக்கு.