பட்டி இருந்த இடம்: பர்கூர் மலை நாட்குறிப்பு

ஜூலை 3, 2024, புதன்

ரெண்டு வருஷமா இந்த மலைக்கு ஏறி இறங்கிட்டு இருக்கேன், நோட்டுல எழுதி வச்சதுல பாதி போன மழைல ஊறிப் போச்சு, அதனால இனி இங்கயே எழுதி வைக்கிறேன், படிக்கிறவங்க படிங்க.

அந்தியூர்ல பஸ் ஏறும்போது நல்ல வெயில். வரட்டுப்பள்ளம் செக்போஸ்ட் தாண்டி வளைவு ஏற ஏற காத்து மாறிருச்சு. இந்த ரோடு இப்படியே போனா கர்நாடகா, கொள்ளேகால். நடுவுல இருக்கறதுதான் பர்கூர் மலை. பேருக்கு ஒரே ஊராட்சி, ஆனா முப்பதுக்கு மேல ஊருங்க காட்டுக்குள்ள அங்கங்க சிதறிக் கிடக்கு. கன்னடம் பேசுற லிங்காயத்துங்க, சோளகர் பழங்குடிங்க, தமிழ் பேசுற மலையாளிங்க. மலையாளின்னதும் கேரளான்னு நினைச்சுக்காதீங்க, இவங்க மலையாளிப் பழங்குடி, கல்வராயன், சேர்வராயன், ஜவ்வாது மலைல இருக்கற அதே சனம்தான்.

தாமரைக்கரைல டீ குடிக்கும்போது ஒரு அண்ணன் பக்கத்துல வந்து உக்காந்தார். "ஏம்மா, சரணாலயம்னு சொல்லிட்டாங்களே, இனி மாடு காட்டுக்குள்ள போலாமா கூடாதா, ஒரே வார்த்தைல சொல்லு"ன்னார். ஒரே வார்த்தைல சொல்ல முடியலைங்க. ஜனவரில தந்தை பெரியார் வனவிலங்கு சரணாலயம்னு அறிவிச்சாங்க, 80 ஆயிரம் ஹெக்டேருக்கு மேல. அதுக்கு முன்னாடியே, 2022 மார்ச்ல ஐகோர்ட், தமிழ்நாட்டுல எந்தக் காட்டுலயும் மாடு மேய்க்கக் கூடாதுன்னு சொல்லிட்டு, அதே மாசம் அதை சரணாலயம், தேசியப் பூங்கா, புலிகள் காப்பகம் இந்த மூணுக்கு மட்டும்னு மாத்திருச்சு. அப்போ பர்கூர் இந்த மூணுல எதுவும் இல்ல, எல்லாரும் மூச்சு விட்டாங்க. ரெண்டே வருஷத்துல இதுவும் சரணாலயம் ஆயிருச்சு.

ஆனா 2006 வன உரிமைச் சட்டம் சரணாலயத்துக்குள்ளயும் செல்லும். மேய்ச்சல் ஒரு உரிமைன்னு அந்தச் சட்டத்துலயே எழுதியிருக்கு. உரிமை பாதிக்காதுன்னு அரசும் சொல்லுது. ஆனா அது பேப்பர்ல ஏறணும், கிராம சபைல கோரிக்கை வச்சு, கோட்டக் குழு, மாவட்டக் குழு தாண்டி உரிமைப் பட்டம், அதாவது பட்டா மாதிரி ஒரு பத்திரம், வாங்கணும். அந்த பேப்பர் வேலைக்குத்தான் நாங்க மூணு பேர் இங்க சுத்திட்டு இருக்கோம். அண்ணன் கிட்ட இவ்வளவும் சொன்னேன். கேட்டுட்டு, "அப்ப பட்டியை வந்து பாரு முதல்ல"ன்னார்.

ஜூலை 9, செவ்வாய்

பட்டிக்குப் போனோம். எந்த ஊருன்னு பேர் போடல, வேலை இன்னும் முடியல, வேண்டாம்.

ரெண்டு மணி நேர நடை. கீழ்நாட்டு மாதிரி வீட்டு வாசல்ல கட்டித் தீனி போடுற மாடு இல்ல இது. பர்கூர் மாடு, செவலை உடம்புல வெள்ளைத் திட்டு தெளிச்ச மாதிரி, ஒன்னு மாதிரி ஒன்னு இருக்காது. காட்டுக்குள்ளயே முள்ளும் மூங்கிலும் பட்ட மரமும் வச்சு வளைச்சுக் கட்டின பட்டி, ராத்திரி உள்ள, பகல்ல மேய்ச்சல். நாலு குடும்பத்து மாடு ஒன்னா நிக்குது, ஆளுங்க முறை போட்டு வந்து தங்கறாங்க. களியும் அவரைக்காய்க் குழம்பும் எனக்கும் கொடுத்தாங்க. சாயங்காலம் மாடு திரும்பும்போது அண்ணன் ஒவ்வொன்னையும் பேர் சொல்லிக் கூப்பிடறார், அதுவும் திரும்பிப் பாக்குது. சிறுத்தை கன்னை அடிச்சுட்டுப் போறது உண்டு, அதை அவர் மழை வெயில் சொல்ற மாதிரி சாதாரணமா சொல்றார்.

பால் பெருசா இல்ல, கன்னு குடிச்சது போக வீட்டுக்கு வந்தா உண்டு. வருமானம் சாணியும் காளையும்தான். மஞ்சக் காட்டுக்காரங்க கீழ இருந்து எரு வாங்கிட்டுப் போவாங்க. காளைங்க ஆடி மாசம் அந்தியூர் குருநாதசாமி கோயில் சந்தைக்குப் போகும். பட்டி இல்லைன்னா இந்த மாடே இல்லைங்க. கொட்டாய்ல கட்டிப் போட்டுப் புண்ணாக்கு வச்சு இந்த இனத்தைக் காப்பாத்திடலாம்னு யாராச்சும் சொன்னா அவங்க ஒரு நாள் இங்க வந்து அந்த மாடு பாறை ஏறுறதைப் பாக்கணும்.

முக்கியமானதுக்கு வர்றேன். "எத்தனை வருஷமா பட்டி இங்க இருக்கு, ஆதாரம் என்ன"ன்னு கேட்டேன். அண்ணன் ஒன்னும் பேசாம எந்திரிச்சு நடந்தார். கொஞ்ச தூரத்துல மரமே இல்லாத ஒரு வட்டமான இடம், சுத்தி உண்ணிச்செடி அடைச்சுக் கிடக்கு, அந்த வட்டத்துல மட்டும் இளம்புல்லு. அவர் கைல இருந்த குச்சியால குத்தித் தோண்டினார். ஒரு சாண் ஆழத்துக்கு மண்ணு கருகருன்னு பொடிப்பொடியா வருது, அதுக்குக் கீழதான் மலையோட செம்மண்ணு. ஒரு பிடி எடுத்து என் உள்ளங்கைல வச்சார். "இது எங்க தாத்தன் காலத்துப் பட்டி. இது அத்தனையும் சாணி"ன்னார்.

மண்ணு பொய் சொல்லாதுல்ல. அஞ்சு நிமிஷம் அதைக் கைலயே வச்சுட்டு நின்னேன். அந்த மாதிரி பழைய பட்டி இடம் அன்னைக்கு மட்டும் நாலு காட்டினார், நாலு இடத்தையும் போன்ல ஜி.பி.எஸ் பாயிண்டா குறிச்சுட்டோம்.

ஜூலை 17, புதன், ஆடி 1

இன்னைக்கு மலையாளிங்க ஊர்ல பாட்டி ஒருத்தரோட வாக்குமூலம். வன உரிமைச் சட்டத்துல எனக்கு ரொம்பப் பிடிச்ச விஷயமே இதுதான், மனு போடுறவங்க இல்லாத வேற பெரியவங்க சொல்றதை எழுதி வாங்கினா அதுவும் ஆதாரம். கிணறு, சுடுகாடு, சாமி இருக்கற இடம், கட்டி வச்ச வரப்பு, எல்லாமே ஆதாரம். இதுல ரெண்டு இருந்தா போதும்.

ஆனா இந்த ஊருக்கு ஒரு பெரிய சிக்கல். எஸ்டி பட்டியல்ல மலையாளின்னு போட்டு கூடவே ஜில்லா பேரும் போட்டிருக்கு: தர்மபுரி, சேலம், வடாற்காடு, தென்னாற்காடு, திருச்சி, புதுக்கோட்டை. பட்டியல் போட்டப்போ பர்கூர் கோயமுத்தூர் ஜில்லா, அந்த ஜில்லா பேரு பட்டியல்ல இல்ல. 1979ல ஈரோடு தனி ஜில்லா ஆச்சு, பட்டியல் அப்படியே நின்னுருச்சு. பாட்டி பொண்ணைப் பாலமலைக்குக் கட்டிக் கொடுத்திருக்காங்க, அது சேலம் ஜில்லா, அங்க இருக்கற பேரப் பசங்களுக்கு எஸ்டி சர்டிபிகேட் உண்டு. இங்க மகனோட பசங்களுக்குக் கிடையாது. ஒரே சனம், ஒரே சாமி, பொண்ணு கொடுத்துப் பொண்ணு எடுக்கறவங்க, நடுவுல ஒரு ஜில்லா எல்லை. பேத்தி பன்னெண்டாவதுல நல்ல மார்க், அதுக்கு மேல என்னன்னு அந்தப் புள்ள என்னைக் கேட்கும்போது எனக்கு நெஞ்சு அடைக்குது.

எஸ்டி இல்லைன்னா வன உரிமைச் சட்டத்துல "இதர பாரம்பரிய வனவாசி"ன்னுதான் மனு போடணும். அதுக்கு 2005 டிசம்பர் 13க்கு முன்னாடி மூணு தலைமுறை, அதாவது 75 வருஷம், இங்க வாழ்ந்ததைக் காட்டணும். கணக்குப் போட்டா 1930. பள்ளிக்கூடம் கிடையாது, ரேஷன் கார்டு கிடையாது, 1930க்கு யார் கிட்ட என்ன பேப்பர் இருக்கும்? இந்த 75 வருஷம் குடியிருந்ததுக்குத்தான், கேக்கற நிலத்தையே 75 வருஷம் உழுதிருக்கணும்னு இல்ல, மத்திய அரசே இதைத் தெளிவுபடுத்தியிருக்கு, ஆனா பல பேருக்கு இன்னும் இது தெரியல.

பாட்டிக்குத் தன் வயசு தெரியாது. ஆதார்ல ஜனவரி 1ன்னு இருக்கு, இந்த ஊர்ல பாதிப் பேர் ஜனவரி 1லதான் பிறந்திருக்காங்க. நான் வருஷம் கேக்கறதை விட்டுட்டு, "ஏனுங்க பாட்டி, உங்க சின்ன வயசுல பெரியவங்க என்ன கதை சொல்லுவாங்க"ன்னு கேட்டேன். திண்ணைல கால் நீட்டி உக்காந்து ராகி புடைச்சுக்கிட்டே பேச ஆரம்பிச்சாங்க. பேச்சோட பேச்சா, "எங்கம்மாவோட ஆயா தாது வருசப் பஞ்சத்துல இந்தக் காட்டுலதான் கெழங்கு தோண்டித் தின்னு பொழச்சாங்களாம், கீழ சனம் செத்து விழுந்துச்சாம், இங்க கெழங்கு இருந்துச்சாம் கண்ணு"ன்னாங்க.

எழுதிட்டு இருந்த பேனாவை நிறுத்திட்டேன். தாது வருஷம்னா 1876. சட்டம் கேக்கற 1930க்கு அம்பது வருஷத்துக்கும் மேல முன்னாடி. எந்த இடத்துல தோண்டினாங்கன்னு கேட்டேன், கை நீட்டி ஒரு கரட்டைக் காட்டினாங்க, அதுக்கு ஒரு பேரும் சொன்னாங்க. அவங்க சொன்ன வார்த்தையை அப்படியே எழுதி வாசிச்சுக் காட்டி கைநாட்டு வாங்கினேன்.

இன்னும் ரெண்டு ஊர்ல இவங்க வயசுல இருந்தவங்க போன வருஷம் காலமாயிட்டாங்க, நாங்க போறதுக்குள்ள. அதை நினைச்சா தூக்கம் வரல.

ஜூலை 26, வெள்ளி

மோசமான நாள். வேற ஒரு ஊரோட மனு திரும்பி வந்திருச்சு. எந்த ஆபீஸ்னு எழுத விரும்பல. சாட்டிலைட் படம் இல்ல, அதனால ஏத்துக்க முடியாதுன்னு வாயால சொல்லி அனுப்பிட்டாங்க, எழுத்துல எதுவும் கொடுக்கல. 2012ல திருத்தின விதி தெளிவா சொல்லுது, இந்த ஆவணம்தான் வேணும்னு எதையும் கட்டாயப்படுத்தக் கூடாது, நிராகரிச்சா காரணத்தை எழுத்துல சொல்லணும், அப்பீல் பண்ண 60 நாள் இருக்கு. எழுத்துல கொடுக்கலைன்னா அப்பீல் எதை வச்சுப் போடறது?

தமிழ்நாட்டுல ஏற்கனவே நிறைய வருஷம் போச்சு. 2008ல ஐகோர்ட், தன்னைக் கேக்காம பட்டம் கொடுக்கக் கூடாதுன்னு போட்ட உத்தரவு 2016ல சுப்ரீம் கோர்ட் எடுக்கற வரைக்கும் இருந்துச்சு, எட்டு வருஷம். இந்த மலைக்கு அந்தப் பக்கம், கர்நாடகால இருக்கற பி.ஆர். மலைல (பிளிகிரி ரங்கன் மலை) சோளகருங்களுக்கு 2011லயே சமூக வன உரிமை, அதாவது ஊரே சேர்ந்து காட்டைப் பயன்படுத்தற உரிமை, கிடைச்சிருச்சு, அது புலிகள் காப்பகம் வேற. அங்க சாமி இருக்கற இடம், சுனை, சுடுகாடு எல்லாத்தையும் அவங்களே நடந்து நடந்து ஜி.பி.எஸ் வச்சு வரைபடம் பண்ணினாங்க. அந்தப் பழங்குடி மக்களுக்காக வேலை செஞ்ச டாக்டர் சுதர்சன் 1981ல அங்க ஆரம்பிச்ச வேலை, ஆஸ்பத்திரி, பள்ளிக்கூடம், சங்கம்னு வளர்ந்து நின்ன இடத்துல அந்த உரிமையும் வந்துச்சு. முப்பது வருஷம்ங்க. ஆறு மாசப் புராஜெக்ட், முடிஞ்சதும் ரிப்போர்ட்னு வர்றவங்களை இந்த மலை நிறையப் பார்த்திருச்சு, அதனாலதான் எங்களையும் முதல் வருஷம் யாரும் திண்ணைல உக்கார வைக்கல.

ஆகஸ்ட் 4, ஞாயிறு

மேப்புல பெரிய தப்பு, முழுக்க என் தப்பு. பட்டி இடம், மேய்ச்சல் வழி, மாட்டுத் தண்ணி எல்லாம் ஆம்பளைங்க கூட நடந்து எடுத்துட்டு வரைஞ்சு ஊர்ல விரிச்சு வச்சேன். ஒரு அக்கா குனிஞ்சு பாத்துட்டு, "இதுல நாங்க போற வழி ஒன்னும் காணமே"ன்னாங்க. கிழங்கு, கீரை, சீமாறுப் புல்லு, நெல்லிக்காய், கோடைல குடிதண்ணி எடுக்கற சுனை, ஒன்னு கூட அதுல இல்ல. விட்டிருந்தா பட்டத்துலயும் இருந்திருக்காது, அப்புறம் சீமாறுப் புல்லு அறுக்கப் போற பொம்பளைங்களை யாராச்சும் நிறுத்தினா காட்ட எதுவும் இருக்காது.

இன்னைக்கு ஒம்பது பொம்பளைங்க கூட விடியற்காலைல கிளம்பி மத்தியானம் வரைக்கும் நடை. மேப்பு ரெண்டு மடங்கு பெருசாயிருச்சு. ஒரு இடத்துல உண்ணிச்செடி அடைச்சு வழியே இல்ல, அரிவாளால வெட்டிட்டுப் போனோம். முன்னெல்லாம் தரைத்தீ வச்சு எடுப்பாங்களாம், அப்போ இந்தச் செடி இவ்வளவு இல்லைன்னு ஒரு பாட்டி சொன்னாங்க. சோளகருங்களும் இதையேதான் சொல்றாங்க. காட்டைப் பத்திக் கூட்டம் போடுறவங்க இவங்களையும் கூப்பிட்டு உக்கார வச்சுக் கேக்கணும்.

ஊர்ல காளைங்களுக்குக் கொம்பு சீவி, சந்தைக்கு ஓட்டிட்டுப் போறதுக்கு ரெடி பண்ணிட்டு இருந்தாங்க. அண்ணன் ஒரு காளையை மட்டும் விக்கலைன்னு பிடிச்சு வச்சிருக்கார்.

ஆகஸ்ட் 18, ஞாயிறு

ஊர் கிராம சபை இன்னைக்கு.

15ந்தேதி ஊராட்சி கிராம சபைலயே தீர்மானம் போட்டு முடிச்சிருக்கலாமேன்னு கேட்டவங்க உண்டு. முடியாதுங்க, இந்தச் சட்டத்துக்கு அந்தந்தக் குக்கிராமமே சபை. முப்பது ஊரு சேர்ந்த கூட்டத்துல இந்த ஊரோட சுனையை யாருக்குத் தெரியும்? பெரியவங்கள்ல பாதிப் பேர் வரணும், வந்தவங்கள்ல மூணுல ஒரு பங்கு பொம்பளைங்க இருக்கணும்.

பத்து மணிக்குன்னு சொன்னோம், மழை. பதினொன்னு வரைக்கும் இருபது பேர் கூட இல்ல, எனக்கு வயித்தைக் கலக்குது. அப்புறம் மேல்பட்டில இருந்து சாக்குப் பையைத் தலைல கவுத்துக்கிட்டு வரிசையா வந்தாங்க. வாக்காளர் பட்டியல் வச்சு எண்ணினோம், 143 பேர்ல 91 வந்திருந்தாங்க, 50 பொம்பளைங்க. கோயில் திண்ணை பத்தாம பக்கத்து வீட்டுத் தாழ்வாரம் வரைக்கும் உக்காந்தாங்க.

மனு முழுசையும் சத்தமா வாசிச்சோம், கன்னடத்துல ஒருக்கா, தமிழ்ல ஒருக்கா. பட்டி இருந்த இடம் பதினொன்னு. அண்ணன் ஒரு துணில அந்தக் கருப்பு மண்ணை முடிஞ்சு கொண்டு வந்து மேசைல வச்சிருந்தார், மனுவோட சேத்து அனுப்பச் சொல்லி. அனுப்ப முடியாது, ஆனா கூட்டம் முடியற வரைக்கும் அது மேசைலயே இருந்துச்சு.

வாக்குமூலம் வாசிக்கும்போது பாட்டி கையைத் தூக்கிட்டாங்க. "அந்தக் கரட்டுக்குக் கீழ இருக்கற சுனைக்கு நீ எழுதுன பேரு இல்ல கண்ணு, அது மேல இருக்கற சுனை." நாலு பேர் ஆமா ஆமான்னாங்க, ஒருத்தர் இல்லைன்னார், கால் மணி நேரம் அதே பேச்சு. கடைசில பாட்டி சொன்னதுதான் சரின்னு முடிவாச்சு. அடிச்சுட்டு எழுதலாம்னேன், வேண்டாம், அடிச்சா நாளைக்கு அதையே காரணம் சொல்லுவாங்கன்னு வன உரிமைக் குழுல இருக்கற அக்கா சொல்லிட்டாங்க. முழுப் பக்கத்தையும் புதுசா எழுதினேன். பாட்டி பெருவிரலை மையில தொட்டு, நான் பிடிக்கறதுக்கு முன்னாடி அவங்களே அழுத்தி வச்சாங்க.