ஜாமீனை எதிர்க்கப் போய் நிபந்தனைகளுக்காக வாதாடினோம்

என் தம்பியை அரிவாளால் வெட்டியதாகக் கைதானவர் செஷன்ஸ் நீதிமன்றத்தில் ஜாமீன் மனு போட்டிருக்கிறார் என்று தெரிந்ததும், அதை எப்படியாவது தள்ளுபடி செய்ய வைக்க வேண்டும் என்று வீடே கொதித்தது. எங்கள் வழக்கறிஞர் நிதானமாகச் சொன்னார்: "இன்று தள்ளுபடியானாலும் அடுத்த மனு வரும். கொலை முயற்சி வழக்கில் 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கலாகாவிட்டால் ஜாமீன் அவருக்கு உரிமையாகிவிடும். எதிர்ப்போம். அதோடு, வெளியே வந்தால் எங்கே இருக்க வேண்டும், யாரை அணுகக் கூடாது என்பதையும் இப்போதே எழுதிக் கேட்போம்."

பாதிக்கப்பட்டவர் தரப்பும் பேசலாம் என்பது பலருக்குத் தெரிவதில்லை. உத்தரப் பிரதேசத்தில் விவசாயிகள் மீது வாகனம் ஏற்றிக் கொன்றதாகத் தொடரப்பட்ட லக்கிம்பூர் கேரி வழக்கில் 2022-இல் உச்ச நீதிமன்றம் அந்த உரிமையைத் தெளிவாக அங்கீகரித்து, உயர் நீதிமன்றம் கொடுத்திருந்த ஜாமீனையே ரத்து செய்தது. அதைச் சுட்டிக்காட்டி, எங்கள் தரப்பையும் கேட்க வேண்டும் என்று இடையீட்டு மனு தாக்கல் செய்தோம்.

வழக்கமாகப் போடும் நிபந்தனை, தினமும் காலை 10.30 மணிக்கு வழக்குப் பதிவான காவல் நிலையத்தில் கையெழுத்து. கேட்பதற்குக் கண்டிப்பாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்த நிலையத்துக்கு நேர் எதிரில்தான் தம்பி வேலைக்குப் பஸ் ஏறும் நிறுத்தம். வெட்டுப்பட்ட கையோடு அவன் நிற்கும் இடத்துக்கே அந்த ஆளை நீதிமன்ற உத்தரவே தினமும் அழைத்து வருமா? தெருவைப் பேனாவால் வரைந்து, நிறுத்தத்தையும் நிலைய வாசலையும் குறித்து, காயச் சான்றிதழோடு இணைத்தோம். வெளி மாவட்டத்தில் தங்கிக் கையெழுத்திட வேண்டும், வாய்தா நாள் தவிர ஊருக்குள் வரக் கூடாது, நேரிலோ போனிலோ உறவினர் மூலமோ சாட்சிகளை அணுகக் கூடாது என்று கேட்டோம். 'உறவினர் மூலமோ' என்பதை வழக்கறிஞர் வற்புறுத்திச் சேர்த்தார். சமாதானத் தூது அந்த வழியாகத்தான் வரும் என்றார்.

சித்தப்பாவோ, அவர்களால் புரட்டவே முடியாத தொகைக்கு ஜாமீன்தாரர் கேட்கச் சொன்னார். வழக்கறிஞர் மறுத்துவிட்டார். 1978-இல் மோதி ராம் வழக்கில், ஓர் ஏழைக் கொத்தனாரிடம் 10,000 ரூபாய்க்குப் பிணை கேட்டதை உச்ச நீதிமன்றம் கண்டித்திருக்கிறது. நிறைவேற்ற முடியாத நிபந்தனை ஜாமீனை மறுப்பதற்குச் சமம். குற்றம் இன்னும் நிரூபிக்கப்படாத ஒருவர் பணமில்லாத காரணத்தால் உள்ளே கிடக்கக் கூடாது என்பது எனக்கும் நியாயமாகவே பட்டது. எங்களுக்கு வேண்டியது பாதுகாப்பு.

விசாரணையில் நீதிபதி எங்கள் வரைபடத்தைச் சற்று நேரம் பார்த்தார். "அப்படியானால் எங்கே தங்குவார்?" என்று எதிர்த்தரப்பிடம் கேட்டார். வெளி மாவட்டத்தில் இருக்கும் அக்கா வீட்டு முகவரியைக் கொடுத்தார்கள். ஜாமீன் கிடைத்தது, நாங்கள் கேட்ட நிபந்தனைகளோடு.

உத்தரவின் சான்றிட்ட நகலை உடனே வாங்கிவிடுங்கள். நிபந்தனை மீறப்பட்டால் ஜாமீனை ரத்து செய்யக் கேட்கும்போது அதன் ஒவ்வொரு சொல்லும் தேவைப்படும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 483-ஆவது பிரிவில் அதற்கு வழியிருக்கிறது. நிபந்தனைத் தளர்வு மனு பின்னாலேயே வரும் என்பதையும் மறக்காதீர்கள். எங்கள் வழக்கிலும் வந்தது. தினசரிக் கையெழுத்தை வாரம் ஒருமுறையாக்கினார்கள், நாங்கள் ஆட்சேபிக்கவில்லை. தம்பி சாட்சி சொல்லி முடிக்கும்வரை ஊருக்குள் வரக் கூடாது என்ற நிபந்தனையைத் தளர்த்த நீதிபதி மறுத்துவிட்டார்.