கட்டைக் குரலின் அரசி

கடலூர் மஞ்சக்குப்பத்தில் எங்கள் வீட்டுக் கூடத்தில், இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு அம்மாவும் நானும் ஒரு சீனத் தொடரை மாதக்கணக்கில் பார்த்தோம். மொத்தம் 87 பகுதிகள். சீனம் எங்கள் இருவருக்குமே தெரியாது. திரையின் அடியில் ஓடும் ஆங்கில வரிகளை அம்மாவால் படிக்க முடியாது என்பதால், அவற்றை உடனுக்குடன் தமிழில் சொல்லிக்கொண்டே வருவது என் வேலையாயிற்று. அரசன், அரசனின் தாய், அந்தப்புரத்துப் பெண்கள், பணிப்பெண்கள், அரண்மனை மருத்துவர் என்று எல்லோருக்கும் நானே பேசினேன். சில நாள்கள் கழித்து அம்மா ஒருநாள் சொன்னார்: "மத்தவங்களுக்கு நீ பேசுறது ஒட்டவே இல்லை பாப்பா. அந்த ராணிக்கு மட்டும் உன் குரல் அப்படியே பொருந்துது."

அந்த ராணியாக நடித்தவர் ஜோ ஷுன். இன்னும் சரியாகச் சொன்னால், அவருடைய குரலும் என் குரலும் ஒரே வகையைச் சேர்ந்தவை. எங்கள் பக்கத்தில் இதைக் கட்டைக் குரல் என்பார்கள். பெண்ணுக்கு இது இருந்தால் யாரும் பாராட்டாகச் சொல்வதில்லை. இந்தக் குரலோடு முப்பது ஆண்டுகளுக்கு மேலாகத் திரையில் நிற்கும் ஒரு நடிகையைப் பற்றித் தமிழில் யாரும் விரிவாக எழுதி நான் படித்ததில்லை என்பதால், எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன்.

ஜோ ஷுன் 1974 அக்டோபர் 18 அன்று கிழக்குச் சீனாவின் ஜெஜியாங் மாகாணத்தில் ச்சூஜோ என்ற ஊரில் பிறந்தவர். தந்தை திரையரங்கில் படம் ஓட்டுபவர், நம் ஊர்ச் சொல்லில் ஆபரேட்டர். தாய் பல்பொருள் அங்காடி ஒன்றில் விற்பனைப் பெண். ஆபரேட்டரின் குழந்தைக்குச் சினிமா என்பது கட்டணமில்லாமல் கிடைக்கும் ஒன்று, ஆகவே அவர் நிறையப் படங்கள் பார்த்து வளர்ந்திருப்பார் என்று நம்பலாம். ஆனால் அவர் முதலில் கற்கச் சென்றது நடிப்பை அல்ல. ஜெஜியாங் கலைப் பள்ளியில் நடனம் படித்தார். அங்கே படிக்கும்போது நாள்காட்டி ஒன்றில் வெளியான அவருடைய படத்தைப் பார்த்துத்தான் இயக்குநர் ஷியே தியெலி தம் படத்தில் அவருக்கு வாய்ப்புக் கொடுத்தார். அது 1991ஆம் ஆண்டு.

அடுத்த சில ஆண்டுகள் சிறு வேடங்களிலேயே கழிந்தன. அவற்றுள் ஒன்றை மட்டும் நான் கடந்து போக மாட்டேன். சென் கைகே 1990களின் இறுதியில் எடுத்த, சீனத்தின் முதல் பேரரசனைக் கொல்ல வந்தவனைப் பற்றிய படத்தில், பார்வையற்ற ஒரு சிறுபெண்ணாக ஜோ ஷுன் வருகிறார். கூலிக்குக் கொலை செய்பவன் அவள் குடும்பத்தையே வெட்டிச் சாய்த்துவிட்டான். மிஞ்சி நிற்பவள் அவள் ஒருத்தி. தன்னையும் கொன்றுவிடும்படி அவள் அவனிடமே கேட்கிறாள். சில நிமிடங்கள் மட்டுமே நீளும் அந்த வேடத்துக்குப் பிறகு அந்தக் கொலையாளியால் வாளைத் தொட முடியாமற்போவது நமக்கு நம்பும்படியாக இருக்கிறது என்றால், அதற்குக் காரணம் அந்தப் பெண்ணின் முகம்தான்.

நான் அவரை முதலில் பார்த்தது புதுச்சேரியில். மாலை நேரப் பிரெஞ்சு வகுப்புக்காகக் கடலூரிலிருந்து பேருந்தில் கிருமாம்பாக்கம், தவளக்குப்பம், அரியாங்குப்பம் வழியாகப் போய்வந்துகொண்டிருந்த காலம் அது. சுஃப்ரேன் வீதியில் இருக்கும் அலியான்ஸ் பிரான்சேஸில் ஒருநாள் படம் போடுகிறார்கள் என்றார்கள். பிரெஞ்சுப் படம் என்று நினைத்துப் போய் உட்கார்ந்தால், திரையில் எல்லோரும் சீனம் பேசினார்கள். சீனாவில் பிறந்து பிரான்சில் வாழும் தாய் சிஜியே, தாம் பிரெஞ்சில் எழுதிய நாவலைத் தாமே 2002இல் படமாக்கியிருந்தார். பண்பாட்டுப் புரட்சிக் காலத்தில் 'மறுகல்வி' என்ற பெயரில் மலைக்கிராமத்துக்கு அனுப்பப்பட்ட இரண்டு நகரத்து இளைஞர்கள், தடைசெய்யப்பட்ட பிரெஞ்சு நாவல்கள் நிறைந்த ஒரு பெட்டியைத் திருடி, அங்கிருக்கும் தையல்காரரின் பேத்திக்குப் படித்துக் காட்டுகிறார்கள். அந்தப் பெண்தான் ஜோ ஷுன். அவளைத் தாங்கள் செதுக்குவதாக அந்த இளைஞர்கள் எண்ணிக்கொண்டிருக்க, அவளோ கேட்ட கதைகளிலிருந்து தனக்கு வேண்டியதை எடுத்துக்கொண்டு, தலைமுடியை வெட்டிக்கொண்டு, அவர்கள் இருவரையும் கிராமத்தையும் விட்டு நகரத்துக்குப் போய்விடுகிறாள். பின்னால் கூப்பிட்டுக்கொண்டே வருபவனை அவள் திரும்பிப் பார்க்கும் பார்வையில் கோபம் இல்லை. போக வேண்டும் என்பது மட்டும் இருக்கிறது. அன்று இரவு கடைசிப் பேருந்துகளில் ஒன்றில் நின்றபடி திரும்பும்போது, எனக்குப் படத்தின் கதையைவிட அவள் பேசிய விதம்தான் நினைவில் இருந்தது. கதாநாயகியின் குரல் இப்படியும் இருக்கலாமா?

இந்தக் கேள்வி எனக்கு ஏன் முக்கியமானது என்பதைச் சொல்லிவிடுகிறேன். எட்டாம் வகுப்பில் பள்ளி ஆண்டு விழா நாடகத்தில் எனக்கு இளவரசி வேடம் கிடைத்தது. ஒத்திகையில் என் குரலைக் கேட்ட ஆசிரியை, வசனத்தை வேறொரு மாணவி திரைக்குப் பின்னாலிருந்து சொல்லட்டும், நீ வாயை மட்டும் அசைத்தால் போதும் என்றார். நான் அப்படியே செய்தேன். கைதட்டல் கிடைத்தது. அந்தக் கைதட்டல் இன்றும் எனக்கு உரியதாகத் தோன்றவில்லை.

நம் திரைப்படங்களில் கதாநாயகிக்கு வேறொருவர் பின்னணிக் குரல் கொடுப்பது நெடுநாள் வழக்கம். சீனத் தொலைக்காட்சியிலும் அதே வழக்கம் வேரூன்றியது. அகன்ற நாடு, நடிகர்கள் பல வட்டார வழக்குகளிலிருந்தும், தைவான், ஹாங்காங்கிலிருந்தும் வருகிறவர்கள், படப்பிடிப்புத் தளமோ இரைச்சல் மிகுந்தது. ஆகவே சீனத்தின் பொதுமொழியான மாண்டரினைத் தெளிவாகப் பேசும் பின்னணிக் கலைஞர்களைக் கொண்டு பின்னர் குரல் சேர்ப்பதே எளிது என்று ஆயிற்று. இதன் விளைவாக, சரித்திரத் தொடர்களின் இளம்பெண்கள் எல்லோரும் ஏறக்குறைய ஒரே இனிய குரலில் பேசுவதற்கு அங்குள்ள பார்வையாளர்களின் காது பழகிவிட்டது. அந்தக் காதில்தான் ஜோ ஷுனின் குரல் போய் விழுந்தது.

2000ஆம் ஆண்டு அவருடைய வாழ்க்கையைத் திருப்பியது. லோ யே இயக்கிய 'சுஜோ நதி' படத்தில் அவருக்கு இரட்டை வேடம். ஷாங்காயின் அழுக்கு நதிக்கரையில் காணாமற்போன மூதான் என்ற பெண் ஒருத்தி. மதுக்கூடத்துக் கண்ணாடித் தொட்டிக்குள் கடற்கன்னி வேடமிட்டு நீந்தும் மெய்மெய் என்ற பெண் இன்னொருத்தி. இருவரும் ஒருவரே என்று நம்பி ஒருவன் தேடி அலைகிறான். இருவரும் வேறு வேறு என்பதை உடையாலும் ஒப்பனையாலும் காட்டுவது எல்லோருக்கும் கைவரும்; ஜோ ஷுன் அதைத் தோளின் சாய்விலும் பேச்சின் வேகத்திலும் காட்டினார். அந்தப் படம் சீனாவில் தடைசெய்யப்பட்டது, இயக்குநருக்கும் இரண்டு ஆண்டுகள் படமெடுக்கத் தடை விழுந்தது. ஆனால் பாரிஸ் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான விருது ஜோ ஷுனுக்குக் கிடைத்தது.

அதே ஆண்டில்தான் தொலைக்காட்சி அவரை வீடுதோறும் கொண்டு சேர்த்தது. தாங் வம்சத்து இளவரசி தாய்பிங்கின் இளமைப் பருவத்தை ஒரு தொடரில் நடித்தார். விளக்குத் திருவிழாக் கூட்டத்தில் முகமூடி அணிந்தவர்களை ஒவ்வொருவராக விலக்கிப் பார்த்துக்கொண்டே வந்து, ஒரு முகத்தைக் கண்டதும் பேச்சற்று நிற்கும் காட்சியைச் சீனர்கள் இன்றும் நினைவுகூர்கிறார்கள். இன்னொரு தொடரில் கவிஞரும் கட்டடக் கலைஞருமான லின் ஹுயின் வேடம். லின் ஹுயின் நமக்கு முற்றிலும் அந்நியர் அல்லர். 1924இல் இரவீந்திரநாத் தாகூர் சீனா சென்றபோது, அவருடைய பிறந்தநாளுக்காகப் பெய்ஜிங்கில் மேடையேற்றப்பட்ட 'சித்ரா' நாடகத்தில் சித்ராங்கதையாக நடித்தவர் அவர்தான். ஒரு வங்கக் கவிஞரின் பாத்திரமாக நின்ற சீனப் பெண்ணை, முக்கால் நூற்றாண்டுக்குப் பிறகு இன்னொரு சீனப் பெண் நடித்துக் காட்டினார் என்பது எனக்கு மிகவும் பிடித்த செய்தி.

பிறகு 2003. ஹாங்காங் எழுத்தாளர் ஜின் யோங்கின் புகழ்பெற்ற வீரசாகசக் கதை தொடரானபோது, பிச்சைக்காரச் சிறுவன் வேடத்தில் ஊர்சுற்றும் கூர்மதி படைத்த ஹுவாங் ரோங் என்ற பெண்ணாக ஜோ ஷுன் நடித்தார். முதன்மை நடிகர்களின் சொந்தக் குரலே அதில் ஒலித்தது. எதிர்ப்பு எழுந்தது. குயில்போலப் பேச வேண்டிய பெண் இப்படிக் கரகரப்பாகப் பேசுகிறாளே என்று பார்வையாளர்கள் குறைப்பட்டார்கள். எனக்கோ அந்தக் குறையில் பொருளே தெரியவில்லை. பையன் வேடத்தில் சந்தையில் திரிகிற ஒருத்திக்குக் குயில் குரல் இருந்தால், முதல் வாக்கியத்திலேயே அகப்பட்டுக்கொள்ள மாட்டாளா?

விருதுகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். பீட்டர் சான் 2005இல் இயக்கிய இசைப்படத்துக்காக ஹாங்காங் திரைப்பட விருதும், தைவானின் தங்கக் குதிரை விருதும் அவருக்குக் கிடைத்தன. அந்தப் படத்தின் நடனங்களை அமைத்தவர் நம் மும்பையின் ஃபரா கான். 2009இல் சீனாவின் தங்கச் சேவல் விருது கிடைத்தது. இது, குன்மிங் நகரில் வாடகைக் கார் ஓட்டும் லி மி என்ற பெண்ணாக நடித்ததற்காக. சொல்லாமல் போய்விட்ட காதலன் எழுதும் கடிதங்களை மனப்பாடமாக வைத்துக்கொண்டு, ஏறுகிற பயணிகளிடமெல்லாம் அவன் படத்தைக் காட்டிக் காட்டி நான்கு ஆண்டுகளாக அவள் தேடுகிறாள். தூக்கம் கெட்ட கண்கள், சிகரெட், ஓயாத பேச்சு. அவருடைய படங்களில் ஒன்றை மட்டும் பார்க்க நேரம் இருக்கிறவர்களுக்கு நான் இதைத்தான் சொல்வேன். கடிதங்களை ஒப்பிக்கும் அந்தத் தேய்ந்த குரலுக்கு மாற்றாக வேறெந்தக் குரலையும் என்னால் கற்பனை செய்ய முடியவில்லை.

2008இல் ஐக்கிய நாடுகள் வளர்ச்சித் திட்டம் அவரைச் சீனாவுக்கான நல்லெண்ணத் தூதராக்கியது. சுற்றுச்சூழலுக்காக அவர் செய்த பணிக்கு 2010இல் ஐ.நா. சுற்றுச்சூழல் திட்டம் 'புவியின் வாகையர்' விருதளித்தது.

சுமார் பத்து ஆண்டுகள் தொலைக்காட்சிப் பக்கம் வராதிருந்தவர், 2014இல் மோ யானின் 'சிவப்புச் சோளம்' நாவலைத் தழுவிய 60 பகுதித் தொடரில் மதுவடிக்கும் ஆலையின் தலைவியாக வந்தார். 1987இல் ஜாங் யிமோவின் படத்தில் கோங் லி நடித்து உலகப் புகழ்பெற்ற பாத்திரம் அது. ஒப்பிடுவார்கள் என்று தெரிந்தே ஏற்றிருக்க வேண்டும். 2017இல் ஆன் ஹுய் இயக்கத்தில், ஜப்பானியர் பிடியிலிருந்த ஹாங்காங்கில் எதிர்ப்பு இயக்கத்தில் சேரும் பள்ளி ஆசிரியையாக நடித்தார். அதில் அவர் குரலை உயர்த்தும் இடங்கள் மிகக் குறைவு.

அதன் பிறகு வந்ததுதான் அம்மாவும் நானும் பார்த்த 'ரூயி'. 2018 ஆகஸ்டு 20 அன்று இணையத்தில் தொடங்கியது. ச்சியென்லாங் பேரரசனின் இரண்டாம் பட்டத்தரசியின் கதை. அரசனாக வாலஸ் ஹுவோ. தொடக்கப் பகுதிகளில் நாற்பதைக் கடந்த ஜோ ஷுன் பதின்வயதுப் பெண்ணாக வந்தபோது, வயதையும் குரலையும் சேர்த்தே விமர்சித்தார்கள். வயதைப் பற்றிய விமர்சனத்தை நான் ஓரளவு ஏற்கிறேன். அந்த முதல் சில பகுதிகள் இயல்பாக இல்லை. ஆனால் இதே பெண் முப்பதாண்டுகள் அரண்மனைச் சுவர்களுக்குள் தேய்ந்துபோவதைக் காட்ட வேண்டிய தொடர் இது. பின்பாதிக்குத்தான் அவரைத் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள் என்று நினைக்கிறேன்.

வரலாற்றில் அந்த அரசி 1750இல் முடிசூட்டப்பட்டார். 1765இல் அரசனோடு தென்னாட்டுப் பயணம் சென்றபோது ஹாங்ஜோவில் ஏதோ நடந்தது. அவர் தம் கூந்தலை வெட்டிக்கொண்டார். அந்த அரச குலத்தாரான மஞ்சு இனத்தவரின் வழக்கப்படி அரசனோ அரசனின் தாயோ இறந்தால்தான் அரசி கூந்தலை வெட்டலாம். கணவன் உயிரோடிருக்கும்போது வெட்டுவது, அவன் செத்ததாகச் சொல்வதற்குச் சமம். உடனே தலைநகருக்குத் திருப்பி அனுப்பப்பட்டார். அடுத்த ஆண்டு இறந்தபோது, அரசிக்குரிய மரியாதையின்றி இன்னொரு மனைவியின் கல்லறையில் சேர்த்துப் புதைத்தார்கள்.

இந்த வரலாற்றை நான் முன்னமே படித்திருந்தேன், அம்மாவிடம் சொல்லவில்லை. அந்தக் காட்சி வந்த இரவில் வழக்கம்போலத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். ஜோ ஷுன் கத்தவில்லை, அழவுமில்லை. சிறிய கத்தியை எடுத்தார். கூந்தலின் ஒரு பகுதியைப் பிடித்து அறுத்தார். "தாலிய அறுத்துப் போட்டுட்டா," என்றார் அம்மா, நான் இன்னும் விளக்கியிருக்கவில்லை. அரசி பேசத் தொடங்கினார். நான் அடியில் ஓடிய வரியைப் பார்த்து வாயைத் திறந்தேன். அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ சொல்லாத பாப்பா, அவளே பேசட்டும்," என்றார்.