கைக்குழந்தை உள்ள வீட்டில் பீடியும் மாவாவும்

வடசென்னையில் வியாசர்பாடி, புளியந்தோப்பு, காசிமேடு பக்கம் பால் கொடுக்கும் பெண்கள் சிகரெட் பிடிப்பது அபூர்வம். ஆனால் கன்னத்தில் அடக்கும் புகையிலையான ஹான்ஸ், மாவா, வெற்றிலையோடு போடும் புகையிலை இதெல்லாம் உண்டு. வீட்டு ஆண்களின் பீடி தனி. பச்சைக் குழந்தைக்கு இரண்டும் ஆகாது.

புகையிலையில் இருக்கும் போதைப்பொருளான நிக்கோட்டின், அம்மாவின் ரத்தத்தில் இருப்பதைப் போல ஏறக்குறைய 3 மடங்கு தாய்ப்பாலில் சேரும். அது பாதியாகக் குறையவே சுமார் ஒன்றரை மணி நேரம் ஆகும். பால் சுரக்க வைக்கும் புரோலாக்டின் என்ற ஹார்மோனையும் நிக்கோட்டின் குறைக்கும். "பால் ஊறல, பவுடர் வாங்கிட்டு வா" என்று சொல்வதற்கு முன்னால் வாயில் என்ன இருக்கிறது என்று பாருங்கள். பிள்ளை சரியாகத் தூங்காமல் நைநை என்று அழுவதற்கும் இது காரணமாகலாம்.

அதற்காகத் தாய்ப்பாலை மட்டும் நிறுத்திவிடாதீர்கள். புட்டிப்பாலுக்கு மாறினாலும் வீட்டுப் புகை அப்படியேதான் இருக்கும். சளி, நெஞ்சுத் தொற்றிலிருந்து காக்கும் பால்தான் போய்விடும். உடனே விட முடியாத அம்மா, முதலில் பால் கொடுத்துவிட்டுப் பிறகு புகைக்கட்டும். அடுத்த பாலுக்குள் எவ்வளவு இடைவெளி கிடைக்கிறதோ அவ்வளவு நல்லது. மாவாவுக்கு இந்தக் கணக்கு உதவாது. கன்னத்தில் இருக்கும்வரை நிக்கோட்டின் இறங்கிக்கொண்டே இருக்கும். இரவில் அடக்கிக்கொண்டு படுப்பவர்கள் முதலில் அந்த ஒன்றை விடுங்கள். நிக்கோட்டின் சூயிங்கம் போடலாமா என்று டாக்டரிடம் கேளுங்கள். போடுவதானால் பால் கொடுத்த கையோடு போட வேண்டும்.

அப்பாக்களுக்கு: ஹவுசிங் போர்டு வீட்டில் ஃபேன் போட்டாலும் ஜன்னல் திறந்தாலும் புகை முழுதாகப் போகாது. வராண்டாவில் பிடித்தால் ஜன்னல் வழியாக உள்ளே வரும். தெருவுக்கு இறங்குங்கள். கடைசி இழுப்புக்குப் பிறகும் சில நிமிடம் மூச்சில் புகை வரும், உடனே மேலே ஏறாதீர்கள். பீடிக்கென்று ஒரு பழைய சட்டை வைத்து, அதைக் கதவுக்கு வெளியே ஆணியில் மாட்டுங்கள். கை, முகம், மீசை சோப்புப் போட்டுக் கழுவி, வாய் கொப்பளித்த பிறகு பிள்ளையைத் தூக்குங்கள். புகை ஒட்டிய அதே சட்டைத் தோளில்தான் குழந்தை முகத்தை வைத்துத் தூங்கும், அதனால்தான் இவ்வளவு சொல்கிறோம்.

புகைப்பவர், அம்மாவே ஆனாலும், குழந்தையோடு ஒரே பாயில் படுக்கக் கூடாது. தூக்கத்திலேயே குழந்தை இறக்கும் ஆபத்து கூடும். அதே அறையில் தனி விரிப்பில், தலையணை இல்லாமல், மல்லாக்கப் படுக்க வையுங்கள். குளித்ததும் சாம்பிராணி காட்டுவதும் வேண்டாம், அதுவும் புகைதான்.

விட நினைப்பவர்கள் 1800 11 2356க்குக் கூப்பிடலாம், இலவசம்.

இரைப்பு போலத் தெரிந்தால், குழந்தை அழாமல் இருக்கும்போது ஒரு முழு நிமிடம் மூச்சை எண்ணுங்கள். 2 மாதத்துக்குள் 60, அதன் பிறகு ஒரு வயது வரை 50, அதைத் தொட்டாலோ, விலாவுக்குக் கீழே குழி விழுந்தாலோ, பால் குடிக்க மறுத்தாலோ, விடியட்டும் என்று காத்திருக்காமல் 108ஐக் கூப்பிடுங்கள்.