கிழவி வேடத்தில் ஒரு தகப்பன்

போன கிழமை வெள்ளவத்தையில் பின்னேரம் முழுக்க மழை, வெளியே இறங்க வழியில்லை. சரி என்று அம்மம்மாவையும் பக்கத்தில் இருத்திக்கொண்டு, 1936இல் வந்த ‘தி டெவில் டால்’ படத்தை லேப்டொப்பில் போட்டேன். கறுப்பு வெள்ளை, ஒன்றேகால் மணித்தியாலத்துக்குக் கொஞ்சம் கூட. கடற்கரைப் பாதையில் ரயில் போகும்போதெல்லாம் வசனம் கேட்காது என்பதால் நிறுத்தி நிறுத்தித்தான் பார்த்தோம். அந்த இடைவெளியில் அம்மம்மாவுக்குக் கதை சொல்லிக்கொண்டே வந்தேன்.

பரிஸில் லவோன் என்று ஒரு வங்கிக்காரன். கூட்டாளிகள் மூன்று பேர் கொள்ளை, கொலைப் பழியை அவன் தலையில் போட்டுவிட, 17 வருடம் சிறைத் தீவில் கிடந்துவிட்டுத் தப்பி வருகிறான். கூடத் தப்பிய கைதி ஒரு விஞ்ஞானி. உயிர்களையெல்லாம் பொம்மை அளவுக்குச் சுருக்கிவிட்டால் உலகத்தில் சாப்பாட்டுப் பஞ்சமே இருக்காது என்பது அந்த மனிசனின் திட்டம். “இங்க அரிசி விக்கிற விலைக்கு அது மோசமான யோசனை இல்லை” என்றார் அம்மம்மா.

விஞ்ஞானி செத்துப்போக, அந்த வித்தையை லவோன் பழிவாங்கப் பயன்படுத்துகிறான். கிழவி வேடம் கட்டிக்கொண்டு பரிஸில் பொம்மைக் கடை போடுகிறான். சுருங்கிய மனிதர்களுக்குச் சொந்த நினைப்பு கிடையாது, இவன் நினைத்தால் எழும்பி நடப்பார்கள். அப்படிச் சுருங்கிய ஒரு பெண் இரவில் எழும்பி மேசை மேல் ஏறி நகை திருடுகிற காட்சிக்கு, பெரிய பெரிய தளபாடங்கள் செய்து வைத்து எடுத்திருக்கிறார்கள். இன்றைக்குப் பார்த்தாலும் உடம்பு கூசுகிறது. கிறிஸ்மஸ் மரத்தில் அலங்காரம் மாதிரித் தொங்குகிற ஆள், கையில் குத்தூசியோடு மெல்ல அசையும்போது அம்மம்மா என் கையைப் பிடித்துவிட்டார்.

கிழவியாக நடித்தவர் லயனல் பாரிமோர். கூத்தில் ஆம்பிளைகள் பெண் வேடம் கட்டிப் பார்த்து வளர்ந்த அம்மம்மாவுக்கு அதில் ஒரு அதிசயமும் இல்லை, “நடை சரி, குரல் காணாது” என்று புள்ளி போட்டுவிட்டார். இயக்குநர் டொட் பிரவுனிங்குக்கு இது பழகிய வித்தைதான். 1925இலேயே இன்னொரு படத்தில் நடிகர் லொன் சேனிக்குக் கிழவி வேடம் போட்டுக் கிளி விற்க விட்டவர் அவர்.

ஆனால் எனக்குப் பொம்மைகளை விடப் பயமாக இருந்தது வேறொன்று. லவோனின் மகள் சலவைக் கடையில் வேலை செய்து காலம் தள்ளுகிறாள். குடும்பம் நாசமானதே அப்பாவால்தான் என்று அவளுக்குக் கொதிப்பு. அந்தக் கொதிப்பையெல்லாம் யாரோ ஒரு கிழவியிடம் கொட்டுகிறாள், கிழவியாக நிற்கிற தகப்பன் வாயே திறக்க முடியாமல் கேட்டுக்கொண்டிருக்கிறான். அவனுடைய தாய்க்குக் கண் தெரியாது. அந்த வேடம் எடுபடாத ஒரே ஆள் அவர்தான் என்று நினைத்தபோது எனக்கு ஒருமாதிரி ஆகிவிட்டது.

கடைசியில் ஈஃபில் கோபுரத்தில் மகளைச் சந்திக்கிறான், இப்போது வேடம் இல்லை. குற்றம் செய்தவன் சந்தோஷமாகத் தப்பக்கூடாது என்று ஹாலிவூட்டில் 1934இலிருந்து கறாரான தணிக்கை இருந்த காலம் அது. அந்தக் கெடுபிடி இந்தப் படத்துக்கு நல்லதையே செய்திருக்கிறது என்பேன். பெயர் சுத்தமாகிவிட்டது, மகளும் அப்பாவை மன்னித்துவிட்டாள், ஆனால் இவனோ தன்னை அப்பாவின் சிநேகிதன் என்கிறான், அப்பா செத்துவிட்டார் என்கிறான்.

“விசரா, சொல்லித் துலையன்!” என்று அம்மம்மா திரையைப் பார்த்துக் கத்தினார். அந்த நேரம் பார்த்து ரயில் வந்தது.